காலை அவசரத்தை முந்தின ராத்திரியே தீர்ப்பது எப்படி: வீட்டு அன்றாடத்துக்கு ஒரு முழுமையான வழிகாட்டி

காலையில் வீட்டில் கத்தல் எழுகிறது என்றால் அதற்கான காரணம் பெரும்பாலும் முந்தின நாள் ராத்திரியில் இருக்கும். கையெழுத்துப் போடாத பள்ளித் தாள், சார்ஜ் போட மறந்த போன், ஜோடி கிடைக்காத காலுறை, தூக்கம் போதாமல் சிணுங்கும் பிள்ளை, எல்லாமே ராத்திரி ஒன்பது மணிக்கே முடிவாகிவிட்ட விஷயங்கள். காலை ஏழு மணிக்குத்தான் அவை நம் கண்ணில் படுகின்றன. அதனால் இந்த வழிகாட்டி சாயங்காலத்தில் தொடங்கிக் காலைக்கு வரும். வேலைக்குப் போகிறவர்கள், படிக்கிற பிள்ளைகள், சில வீடுகளில் வயதான ஒரு பெரியவர், இப்படி இருக்கிற வீட்டை மனதில் வைத்து எழுதுகிறேன். தனியாகப் பிள்ளை வளர்க்கிறவர்களுக்கும் இதே படிகள்தான், ஆனால் பாதியை மட்டும் எடுத்துக்கொள்ளுங்கள், அதுவே நிறைய.

படி 1: ஒரு வாரம் எதையும் மாற்றாதீர்கள், கவனியுங்கள்

இந்தப் படியைத்தான் எல்லாரும் தாண்டிப் போய்விடுகிறார்கள். ஞாயிற்றுக்கிழமை ராத்திரி உட்கார்ந்து கலர் பேனாவில் அட்டவணை போட்டுச் சுவரில் ஒட்டுவார்கள், புதன்கிழமைக்குள் அதை யாரும் திரும்பிப் பார்க்க மாட்டார்கள், ஏனென்றால் அது அந்த வீட்டைப் பார்த்து எழுதினது இல்லை. அதற்குப் பதிலாக ஒரு சின்ன நோட்டை எல்லார் கைக்கும் எட்டுகிற இடத்தில் வையுங்கள். யாராவது குரலை உயர்த்தும்போது, யாராவது எதையாவது தேடி அலையும்போது, மூன்று விஷயங்களை மட்டும் குறியுங்கள்: மணி என்ன, எந்த இடம், எது கிடைக்கவில்லை. யார் தப்பு என்று எழுதாதீர்கள். அப்படி எழுத ஆரம்பித்தால் நோட்டே அடுத்த சண்டைக்குக் காரணமாகிவிடும்.

வாரக் கடைசியில் படித்துப் பாருங்கள். நாள் முழுக்கச் சிக்கல் என்று நினைத்திருப்பீர்கள், ஆனால் குறிப்பெல்லாம் இரண்டு மூன்று இடங்களில் குவிந்திருக்கும். பெரும்பாலும் வெளிக்கதவு, குளியலறை வாசல், பிள்ளையின் படுக்கை. அந்த இரண்டு மூன்றைத்தான் நீங்கள் சரிசெய்யப் போகிறீர்கள், முழு வாழ்க்கையையும் இல்லை.

படி 2: புது வேலையை ஏற்கெனவே நடக்கிற ஒன்றின் பின்னால் கோர்த்துவிடுங்கள்

"7.45க்குப் பை அடுக்க வேண்டும்" என்று வைத்தால் 7.50க்கே மனசு சோர்ந்துவிடும், இன்றைக்குத் தவறிப்போச்சு, நாளைக்குப் பார்க்கலாம் என்று. "சாப்பிட்ட தட்டைக் கழுவி வைத்ததும் பை அடுக்க வேண்டும்" என்று வைத்துப் பாருங்கள், சாப்பாடு அரைமணி நேரம் தள்ளிப்போனாலும் பை அடுக்கப்படும். உளவியலாளர் பீட்டர் கோல்விட்சர் 1999ல் இதைப் பற்றி விரிவாக எழுதியிருக்கிறார்: செய்யணும் என்று பொதுவாக நினைப்பதைவிட "இன்னது நடந்தால் இன்னதைச் செய்வேன்" என்று முன்கூட்டியே முடிவு செய்துவைத்தால் அந்த வேலை நடப்பதற்கான வாய்ப்பு அதிகம்.

எல்லா வீட்டிலும் தினமும் தவறாமல் நடக்கிற சில விஷயங்கள் இருக்கின்றன. வெளியிலிருந்து வந்து செருப்பைக் கழற்றுவது, ராத்திரிச் சாப்பாடு, பல் தேய்ப்பது, கதவைத் தாழ்ப்பாள் போடுவது, விளக்கை அணைப்பது. இந்த ஐந்தையும் ஒரு தாளில் வரிசையாக எழுதி, நோட்டில் கண்ட சிக்கல்களில் எதை எதன் பின்னால் கோர்க்கலாம் என்று யோசியுங்கள். ஒன்றின் பின்னால் ஒன்றுதான். மூன்றைக் கோர்த்தால் மூன்றும் அறுந்துவிடும்.

படி 3: தூக்கத்திலிருந்து பின்னோக்கிக் கணக்குப் போடுங்கள்

அமெரிக்கத் தூக்க மருத்துவ அகாடமி 2016ல் வெளியிட்ட பரிந்துரைப்படி 3 முதல் 5 வயதுக் குழந்தைக்குப் பகல் தூக்கமும் சேர்த்து 10 முதல் 13 மணி நேரம் வேண்டும். 6 முதல் 12 வயது வரை 9 முதல் 12 மணி நேரம். 13 முதல் 18 வரை 8 முதல் 10. பெரியவர்களுக்குக் குறைந்தது 7 என்று அதே அகாடமி 2015ல் சொல்லியிருந்தது. உங்கள் வீட்டில் இருக்கிற ஒவ்வொருவருக்கும் எழுதிப் பாருங்கள், யாருக்கு எவ்வளவு குறைகிறது என்று கண்ணெதிரே தெரியும்.

உதாரணத்துக்கு எட்டு வயதுப் பிள்ளை, காலை 6.30க்கு எழ வேண்டும். 10 மணி நேரத் தூக்கம் என்றால் ராத்திரி 8.30க்குத் தூங்கியிருக்க வேண்டும். கண் அயர இருபது நிமிடம் ஆகும், ஆக விளக்கு அணைவது 8.10. படுக்கைக்குத் தயாராக அரைமணி, ஆக 7.40க்குத் தொடங்க வேண்டும், அதற்குள் சாப்பாடு முடிந்திருக்க வேண்டும். நிறைய வீடுகளில் பெற்றோர் உள்ளே நுழைவதே 7.30க்குத்தான், இந்தக் கணக்கு எப்படி நடக்கும் என்று கேட்பீர்கள். நடக்காது. அப்போது 9 மணி நேரத்தை எடுத்துக்கொள்ளுங்கள், ஒரு மணி நேரம் கையில் கிடைக்கிறது: 8.40க்குத் தொடக்கம், 9.10க்கு விளக்கு. அதற்குக் கீழே இறங்க வேண்டாம். அதற்கும் நேரம் போதவில்லை என்றால் சாயங்காலத்திலிருந்து எதையாவது எடுத்துவிட வேண்டியதுதான், கூடுதல் வகுப்பாக இருக்கலாம், டிவியாக இருக்கலாம். தூக்கத்தில் கைவைக்காதீர்கள் என்பதில் மட்டும் நான் விட்டுக்கொடுக்க மாட்டேன்.

பதின்பருவப் பிள்ளை ராத்திரி பதினொன்று வரை விழித்திருந்தால் உடனே சோம்பேறி, சொல்பேச்சு கேட்காதவன் என்று முத்திரை குத்தாதீர்கள். அந்த வயதில் உடம்பின் கடிகாரமே பிந்திப்போகிறது, தூக்கத்தைத் தூண்டும் மெலடோனின் சின்ன வயதில் சுரந்ததைவிடத் தாமதமாகச் சுரக்கிறது. இதனால்தான் அமெரிக்கக் குழந்தை மருத்துவர்கள் அகாடமி 2014ல் நடுநிலை, உயர்நிலைப் பள்ளிகள் காலை 8.30க்கு முன்னால் தொடங்க வேண்டாம் என்று சொன்னது. உங்கள் பள்ளியின் நேரம் உங்கள் கையில் இல்லை, சரி. ஆனால் அந்தப் பிள்ளையின் காலை வேலைகளை ராத்திரிக்கு மாற்றி அரைமணி நேரம் கூடுதலாகத் தூங்கவிடுவது உங்கள் கையில் இருக்கிறது.

படி 4: வீடு திரும்பியதும் முதல் கால்மணி நேரம்

உள்ளே நுழைகிறவரிடம் எதையும் கேட்காதீர்கள். பிள்ளையிடம் "டெஸ்ட்ல எவ்வளவு?" வேண்டாம், கணவனிடம் மனைவியிடம் "அந்த பில் கட்டியாச்சா?" வேண்டாம். முகம் கழுவி, உடை மாற்றி, ஏதாவது குடித்து, பக்கத்தில் உட்கார்கிற வரைக்கும் வீட்டில் இருப்பவர்கள் சொல்ல வேண்டியது "வந்துட்டியா" மட்டும்தான். சின்னப் பிள்ளைகள் இருந்தால் வேலையிலிருந்து வருகிறவர் போனைப் பையிலேயே விட்டுவிட்டு அவர்கள் பக்கத்தில் தரையில் உட்காருங்கள். பத்து நிமிடம் போதும். அந்தப் பத்து நிமிடம் கிடைத்த பிள்ளை அப்புறம் தானாகவே எழுந்து தன் வேலையைப் பார்க்கப் போகும், கிடைக்காத பிள்ளை படுக்கப் போகிற வரைக்கும் அதை வேறு வேறு விதத்தில் கேட்டுக்கொண்டே இருக்கும்.

படி 5: நாளைக்கான பத்து நிமிடம்

இந்த வழிகாட்டியில் ஒரே ஒரு படியைத்தான் செய்ய முடியும் என்றால் இதைச் செய்யுங்கள்.

வெளிக்கதவுக்குப் பக்கத்தில் ஓர் இடத்தை ஒதுக்குங்கள். சின்ன மேசை, ஸ்டூல், சுவரில் நான்கு கொக்கி, எது இருக்கிறதோ அது. நாளை வீட்டை விட்டு வெளியே போகிற எல்லாப் பொருளும் இன்றைக்கே அங்கே வந்து சேர வேண்டும், வேறு எதுவும் அங்கே தங்கக் கூடாது. இரண்டாவது விதிதான் கஷ்டம். ஒரு வாரத்துக்குள் பழைய ரசீதும் பாதி தீர்ந்த பேனாவும் யாரோ கழற்றி வைத்த தொப்பியும் அங்கே குடியேறிவிடும், அப்புறம் சாவி அதற்கடியில் காணாமல் போகும். அதனால் பத்து நிமிடத்தில் முதல் இரண்டு நிமிடம் அந்த இடத்தைக் காலி செய்வதற்கு.

மீதி எட்டு நிமிடம் இப்படி: தட்டைக் கழுவி வைத்ததும் எல்லாரும் தத்தம் பையோடு ஒரே அறைக்கு வாருங்கள். பையை முழுக்கக் கவிழ்த்துக் காலி செய்வது முக்கியம், மேலாகப் பார்த்தால் அடியில் மடிந்து கிடக்கிற தாள் தெரியாது. ஒரு மூலை நசுங்கி, பென்சில் தூள் படிந்து, மூன்று நாள் முன்னால் கொடுத்த சுற்றறிக்கை அங்கேதான் இருக்கும், கடைசித் தேதி நாளைக்கு. கையெழுத்து போட வேண்டியதை அங்கேயே போட்டு உடனே பைக்குள் வையுங்கள், "காலையில் போட்டுத் தருகிறேன்" என்ற பேச்சே வேண்டாம். அப்புறம் நாளைய உடைகள், உள்ளாடை, காலுறை எல்லாம் சேர்த்து ஒரே அடுக்காக. சாவி, அடையாள அட்டை, குடை, மருந்து. போன்கள் சார்ஜில், படுக்கையறைக்கு வெளியே. கடைசியாக எல்லாரும் ஒரு கேள்விக்குப் பதில் சொல்லுங்கள்: நாளைக்கு வழக்கத்துக்கு மாறாக என்ன இருக்கிறது? ஒருவர் சீக்கிரம் கிளம்புகிறார், இன்னொருவருக்கு விளையாட்டு உடை வேண்டும், யாரோ வரப்போகிறார்கள். இந்தக் கேள்வியை ராத்திரி கேட்டுவிட்டால் காலையில் "நான் நேத்தே சொன்னேனே" என்ற வாக்கியம் வீட்டை விட்டே போய்விடும்.

ஆறேழு வயதுப் பிள்ளை பையைத் தானே அடுக்கும். மெதுவாக அடுக்கும், நமக்குப் பொறுமை போகும், கை பரபரக்கும். பக்கத்தில் உட்கார்ந்து பாருங்கள், எடுத்து வைத்துவிடாதீர்கள். படிக்கத் தெரியாத குழந்தைக்கு ஐந்து படங்கள் வரைந்து கொக்கிக்கு மேலே ஒட்டிவிட்டால் போதும்.

படி 6: பிள்ளை தூங்கப் போகும் வரிசை

ஜோடி மிண்டெல் குழுவினர் 2009ல் வெளியிட்ட ஆய்வில், கைக்குழந்தையும் நடைபழகும் குழந்தையும் வைத்திருக்கிற 405 தாய்மார்கள் பங்கேற்றார்கள். குளியல், உடம்பில் லோஷன் தடவி நீவிவிடுவது, பிறகு அணைத்துக்கொள்வது, தாலாட்டுவது போல அமைதியாக ஏதாவது, முப்பது நிமிடத்துக்குள் விளக்கு அணைவது. அவர்களில் ஒரு பிரிவினர் இதை மட்டும் தினமும் ஒரே வரிசையில் செய்தார்கள், மற்றவர்கள் வழக்கம்போல இருந்தார்கள். இரண்டு வாரத்தில் அந்தப் பிரிவுக் குழந்தைகள் சீக்கிரம் தூங்கினார்கள், இடையில் விழிப்பது குறைந்தது, தாய்மார்களின் மனநிலையும் தேறியது. அந்தக் கடைசி விஷயம்தான் எனக்கு ரொம்பப் பிடித்தது.

பெரிய பிள்ளைக்கும் அடிப்படை அதேதான். நான்கைந்து செயல்களைத் தேர்ந்தெடுத்து வரிசையை மாற்றாமல் செய்யுங்கள்: குளியல் அல்லது கைகால் கழுவுதல், இரவு உடை, பல், ஒரு கதை, விளக்கு. ஒவ்வொரு படியிலும் வெளிச்சம் கொஞ்சம் குறைய வேண்டும். கூடத்து விளக்கை அணைத்துவிட்டுச் சின்ன விளக்கைப் போடுங்கள், குரலையும் அதோடு தணித்துக்கொள்ளுங்கள். பெரியவர்கள் கூடத்தில் சத்தமாகச் சிரித்துப் பேசிக்கொண்டு, டிவி ஓடிக்கொண்டு, "நீ போய்த் தூங்கு" என்றால் எந்தப் பிள்ளை போகும்? தனக்கு மட்டும் தண்டனை என்றுதான் அதற்குத் தோன்றும். அந்த அரைமணி நேரம் வீடு முழுக்கத் தணிய வேண்டும்.

"அம்மா, இன்னொரு கதை." இது வரும், தினமும் வரும். அப்புறம் தண்ணீர், அப்புறம் பாத்ரூம், அப்புறம் திடீரென்று வகுப்பில் நடந்த ஏதோ ஒன்று. தண்ணீரையும் பாத்ரூமையும் கதைக்கு முன்னால் வரிசையிலேயே சேர்த்துவிடுங்கள், கேட்பதற்கு ஒன்றும் மிச்சமிருக்காது. கதை எத்தனை என்பதைத் தொடங்கும்போதே சொல்லிவிடுங்கள், இரண்டு என்றால் இரண்டு. ஆனால் வகுப்பில் நடந்ததைச் சொல்ல வந்தால் மறிக்காதீர்கள். இருட்டில், முகம் பார்க்காமல், பக்கத்தில் படுத்திருக்கும்போதுதான் பிள்ளைகள் மனசில் இருப்பதைச் சொல்லுவார்கள். அது தினமும் நடக்கிறது என்றால் ஐந்து நிமிடத்தைப் "பேசுற நேரம்" என்று வரிசையில் முறைப்படி சேர்த்துக்கொள்ளுங்கள், விளக்கை அணைத்த பிறகு.

படி 7: நினைவில் வைத்திருக்கிற வேலையையும் பிரித்துக்கொள்ளுங்கள்

வீட்டு வேலையைப் பங்கு போட்ட வீடுகளில்கூட ஒருவர் மட்டும் களைத்துப்போய் இருப்பார், ஏன் என்று மற்றவருக்குப் புரியாது. அவர்தான் எல்லாவற்றையும் தலையில் வைத்திருப்பவர். தடுப்பூசித் தேதி, தீரப்போகிற சோப்பு, பிள்ளைக்குச் சின்னதாகிப்போன ஷூ, பெரியவரின் மாத்திரை எத்தனை நாளைக்கு வரும். சமூகவியலாளர் அலிசன் டாமிங்கர் 35 தம்பதியரிடம் பேசி 2019ல் வெளியிட்ட ஆய்வில் இந்த வேலையை நான்காகப் பிரித்தார்: தேவை வரப்போவதை முன்னாலேயே உணர்வது, வழிகளைத் தேடுவது, முடிவெடுப்பது, அது நடந்ததா என்று பார்த்துக்கொள்வது. முடிவெடுப்பதில் இருவரும் பெரும்பாலும் சேர்ந்திருந்தார்கள். முதலாவதும் கடைசியும்தான் பெண்கள் தலையில் அதிகமாக விழுந்திருந்தன, வெளியே தெரியாத இரண்டும் அவைதான்.

அதனால் "என்ன உதவி வேண்டும், சொல்லு" என்று கேட்பது போதாது. சொல்வதே அவருக்கு இன்னொரு வேலை. ஒரு பொறுப்பை முழுக்க, தலை முதல் வால் வரை, ஒருவரிடம் கொடுத்துவிடுங்கள். துணி என்றால் துவைப்பது மட்டும் இல்லை, சோப்புத்தூள் தீர்கிறதா, நாளைக்கு எந்த உடை வேண்டும், காய்ந்ததா, மடித்து உரியவர் அலமாரிக்குப் போனதா, எல்லாம். கொடுத்தவர் அப்புறம் எட்டிப் பார்க்கக் கூடாது. மடிப்பு வேறு மாதிரி இருக்கும், அலமாரியில் இடம் மாறியிருக்கும், இருக்கட்டும். பிள்ளைகளுக்கும் வயதுக்கேற்ற ஒரு பொறுப்பு இப்படி முழுசாகக் கொடுக்கலாம், செடிக்குத் தண்ணீர் ஊற்றுவது ஒரு நல்ல தொடக்கம்.

மீதியைத் தாளில் இறக்குங்கள். பேய்லர் பல்கலைக்கழகத்தில் மைக்கேல் ஸ்கல்லின் குழுவினர் 57 பேரை வைத்துச் செய்து 2018ல் வெளியிட்ட சோதனையில், படுக்கும் முன் ஐந்து நிமிடம் அடுத்து வரும் நாட்களில் செய்ய வேண்டியவற்றை எழுதியவர்கள், முடித்த வேலைகளை எழுதியவர்களைவிடச் சுமார் 9 நிமிடம் முன்னதாகத் தூங்கினார்கள். பட்டியல் விவரமாக இருக்க இருக்கத் தூக்கம் சீக்கிரம் வந்தது. முதல் படியில் வைத்த அதே நோட்டு இதற்குப் போதும், போனில் எழுத வேண்டாம், எழுதப் போனவர் வேறெங்கோ போய்விடுவார்.

படி 8: காலை

இங்கே சொல்ல அதிகமில்லை, வேலை ராத்திரியே முடிந்துவிட்டது. பெரியவர்களில் ஒருவர் மற்றவர்களுக்குப் பதினைந்து இருபது நிமிடம் முன்னால் எழுந்து, ஒன்றும் செய்யாமல் கொஞ்சம் உட்காருங்கள். பிள்ளையை அறை வாசலில் நின்று கூப்பிட்டு எழுப்பாதீர்கள். திரையை விலக்கி வெளிச்சத்தை உள்ளே விட்டு, பக்கத்தில் போய்த் தொட்டு எழுப்புங்கள். கிளம்புகிற வரைக்கும் போன், டிவி வேண்டாம். குளியலறை யாருக்கு எப்போது என்பதை மட்டும் வரிசைப்படுத்திக்கொள்ளுங்கள், பல காலைச் சண்டைகள் அந்தக் கதவுக்கு முன்னால்தான்.

படி 9: வீட்டில் பெரியவர் இருந்தால்

அவருக்கென்று ஓர் ஒழுங்கு ஏற்கெனவே இருக்கும், உங்களுடையதைவிடப் பழையது, உறுதியானது. அதை உங்கள் வசதிக்கு இழுக்காதீர்கள், உங்கள் ஒழுங்கை அதைச் சுற்றி அமைத்துக்கொள்ளுங்கள். அவர் குளிக்கிற நேரத்தை மற்றவர்கள் எடுத்துக்கொள்ளக் கூடாது. மாத்திரைகளை வாரத்துக்கு ஒரு முறை நாள்வாரியாகப் பிரித்து வைக்கிற பெட்டியில் போட்டுவிட்டால், சாப்பிட்டாரா இல்லையா என்று தினமும் விசாரிக்க வேண்டியதில்லை, பார்த்தாலே தெரியும். அப்புறம், அவருக்கும் வீட்டில் ஒரு பொறுப்பு இருக்கட்டும். அது அவராகத் தேர்ந்தெடுத்ததாக இருக்கட்டும். ராத்திரி அந்த இரண்டு கதைகளையும் சொல்வதற்கு அவரைவிடப் பொருத்தமானவர் யார்?

படி 10: குலைந்துபோகிற நாட்கள்

காய்ச்சல் வரும், விருந்தாளி வருவார்கள், பரீட்சை வரும், ஒருவர் ஊரில் இருக்க மாட்டார். அந்த நாட்களுக்கென்று ஒரு குறைந்தபட்ச வடிவத்தை இப்போதே முடிவு செய்து வையுங்கள். பல், ஒரு கதை, விளக்கு. பை வாசலில். இவ்வளவு நடந்துவிட்டால் அன்றைக்குப் போதும், மற்றதெல்லாம் கிடக்கட்டும்.

லண்டன் யுனிவர்சிட்டி காலேஜில் பிலிப்பா லாலி குழுவினர் 96 பேரைத் தொடர்ந்து கவனித்ததில், ஒரு புதுச் செயல் யோசிக்காமலே நடக்கிற பழக்கமாக மாறுவதற்குச் சராசரியாக 66 நாள் ஆகும் என்று கணக்கிட்டார்கள். ஆனால் ஆளுக்கு ஆள் அது 18 நாளிலிருந்து 254 நாள் வரை வேறுபட்டது. இடையில் ஒரு நாள் விட்டுப்போனதால் பழக்கம் உருவாவதில் சொல்லும்படியான பாதிப்பு இல்லை. இருபத்தொரு நாளில் எல்லாம் படிந்துவிடும் என்று யாராவது சொல்லிக் கேட்டிருந்தால் அதை மறந்துவிடுங்கள். இரண்டாவது மாதத்திலும் நினைவூட்ட வேண்டியிருக்கிறதே என்று கவலைப்பட வேண்டாம், அது இயல்பு. நேற்று நடக்கவில்லை என்று இன்று யாரையும் திட்ட வேண்டாம், இன்றைய தட்டைக் கழுவியதும் பையை எடுத்தால் சரி.

படி 11: வாரத்துக்கு ஒரு பேச்சு

வாரத்தில் எல்லாரும் ஓய்வாக இருக்கிற ஒரு நேரத்தில் இருபது நிமிடம் உட்காருங்கள், பசியோடும் தூக்கத்தோடும் வேண்டாம். நோட்டைத் திறந்து மூன்றே கேள்விகள். எது சரியாகப் போகிறது, எது இடறுகிறது, வரும் வாரத்தில் என்ன வித்தியாசம். முதலில் பிள்ளைகள் பேசட்டும். "காலையில பாட்டுப் போட்டா நல்லா இருக்கும்" மாதிரி சின்னதாக ஏதாவது கேட்டால் அந்த வாரமே செய்து பாருங்கள், தன் பேச்சு எடுபடுகிறது என்று தெரிந்த பிள்ளை ஒழுங்கையும் தன்னுடையதாக எடுத்துக்கொள்ளும். மாற்றம் வாரத்துக்கு ஒன்று மட்டும். புதுக் குழந்தை வந்தாலோ, வேலை நேரம் மாறினாலோ, பள்ளி விடுமுறை தொடங்கினாலோ பழையதை ஒட்டுப்போட்டு இழுக்காதீர்கள். நோட்டில் ஒரு புதுப் பக்கம் எடுத்து, மறுபடியும் ஒரு வாரம் எதையும் மாற்றாமல், மணி, இடம், எது கிடைக்கவில்லை என்று குறிக்கத் தொடங்குங்கள்.